நன்றி சொல்றதுன்னா அவங்க செஞ்சதைச் சொல்றது: வாசகர் கேள்வி பதில்

இந்த வாட்டி வந்த கடிதங்களைப் பிரிச்சு அடுக்கும்போதே கவனிச்சேன், நிறைய பேர் கிட்டத்தட்ட ஒரே விஷயத்தைத்தான் கேட்டிருக்கீங்க. காசு வாங்காம வந்து, வேலையை முடிச்சுக் குடுத்துட்டு, சத்தமில்லாம கிளம்பிப் போனவங்களுக்கு மனசார எப்படி நன்றி சொல்றதுன்னு. அதனால மத்த கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளி வெச்சுட்டு இதுக்கு மட்டும் பதில் எழுதறேன், காத்திருக்கறவங்க கோவிச்சுக்காதீங்க.

அக்கா, நாங்க போன ஞாயித்துக்கிழமை நடத்துன ரத்ததான முகாம்ல 40 வாலன்டியர்ஸ் வேலை செஞ்சாங்க. இந்த ஞாயிறு அவங்களுக்குன்னு ஒரு சின்ன கூட்டம் வெச்சிருக்கோம், நன்றியுரையை என் தலையில கட்டிட்டாங்க. 'தன்னலமற்ற சேவை', 'அளப்பரிய பணி'ன்னு எழுதறதும் அடிக்கறதுமா இருக்கேன், படிச்சுப் பார்த்தா எனக்கே ஒட்டல. என்ன பேசறது?
– முகாம் ஒருங்கிணைப்பாளர் ஒருத்தர்

தம்பி, ஒட்டலைன்னு உங்களுக்கே தெரியுதுல்ல, அது நல்லது. அந்த வார்த்தைகள்ல தப்பு ஒண்ணும் இல்ல, ஆனா அதை எந்தக் கூட்டத்துல யாருக்கு வேணாலும் சொல்லிடலாம், உங்க 40 பேருக்குன்னு அதுல எதுவுமே இல்ல, அதான் ஒட்டல.

நன்றிங்கற வார்த்தையையே கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. இப்போ நாம அதை தேங்க்ஸ்ங்கற அர்த்தத்துல மட்டும் வெச்சிருக்கோம். பழைய தமிழ்ல நன்றின்னா ஒருத்தர் நமக்குச் செஞ்ச நல்லது, அந்த உதவியேதான். செய்ந்நன்றின்னா செஞ்ச உதவி. நன்றி கெட்டவன், நன்றி மறந்தவன்னு ஒருத்தனைச் சொல்லும்போது தேங்க்ஸ் சொல்ல மறந்துட்டான்னா சொல்றோம், செஞ்ச உதவியையே மறந்துட்டான்னுதானே சொல்றோம். அப்போ நன்றி சொல்றதுன்னா என்ன? அவங்க செஞ்ச நல்லதை எடுத்துச் சொல்றது, அவ்ளோதான். இது மனசுல பதிஞ்ச நாள்லேர்ந்து எனக்கு மேடையில என்ன பேசறதுன்னு தவிப்பே வந்தது இல்ல. யார் என்ன செஞ்சாங்கன்னு தெரிஞ்சிருந்தா வார்த்தை தானா வரும், தெரியாதப்போதான் 'அளப்பரிய'வைத் தேடிப் போக வேண்டியிருக்கு.

நான் இதைக் கத்துக்கிட்டதும் ஒரு ரத்ததான முகாம்லதான், சொல்றேன் கேளுங்க. ரத்தம் குடுத்து முடிச்சவங்களை உடனே அனுப்பக்கூடாது, பத்து பதினஞ்சு நிமிஷம் உக்கார வெச்சு, குடிக்க ஏதாவது குடுத்துப் பார்த்துக்கணும்னு உங்களுக்குத் தெரியும், சிலருக்கு திடீர்னு பிரஷர் இறங்கி தலை சுத்திடும். அந்த நாற்காலி வரிசையைப் பார்த்துக்க ஒரு காலேஜ் பொண்ணை நிறுத்தியிருந்தோம். பார்க்கறவங்களுக்கு சும்மா நிக்கற வேலை மாதிரிதான் தெரியும். காலையில எட்டு மணிலேர்ந்து மதியம் ரெண்டு வரைக்கும் அந்தப் பொண்ணு போனை வெளியவே எடுக்கல. முதல் தடவையா ரத்தம் குடுத்த ஒரு பையன் ரெண்டு நிமிஷம் உக்கார்ந்துட்டு எனக்கு ஒண்ணும் இல்லன்னு எழுந்தான், இவ மூணு நாற்காலி தள்ளி நின்னுட்டு இருந்தவ அவன் உதடு வெளுக்கறதைப் பார்த்துட்டு ஓடி வந்துட்டா, அவன் சரியறதுக்கும் இவ தோளைப் பிடிக்கறதுக்கும் சரியா இருந்துச்சு. மெதுவா தரையில படுக்க வெச்சு, காலைத் தூக்கி ஒரு நாற்காலி மேல வெச்சு, டாக்டரைக் கூப்பிடச் சொல்லி கை காட்டிட்டு, அவன் கண்ணு முழிச்சதும் பக்கத்துலயே தரையில உக்கார்ந்து பேர் என்ன, என்ன படிக்கறன்னு சாதாரணமா பேச்சு குடுத்துட்டே இருந்தா, அவனுக்கு வெக்கமா இருக்கக்கூடாதுன்னு. அந்தப் பின்மண்டை சிமென்ட் தரையில அடிச்சிருந்தா என்ன ஆகியிருக்கும்னு இப்பவும் நெனச்சா எனக்கு வயித்தைக் கலக்கும்.

அன்னிக்கு சாயங்காலம் நன்றியுரை நான்தான். சிறப்பு விருந்தினருக்கு ஒரு பத்தி, ஹால் குடுத்தவருக்கு ஒரு பத்தி, டாக்டர்களுக்கு ஒரு பத்தி, கடைசியா 'மற்றும் அனைத்து தன்னார்வலர்களுக்கும்'னு ஒரே வரி. நான் அந்த வரியைப் படிக்கும்போது அந்தப் பொண்ணு பின்னாடி அதே நாற்காலிகளை மடக்கி அடுக்கிட்டு இருந்தா. தலையை நிமிர்த்தி ஒரு தடவை பார்த்தா, திரும்ப மடக்க ஆரம்பிச்சுட்டா. ராத்திரி எனக்குத் தூக்கமே வரல. மறுநாள் ஒரு பேப்பர் எடுத்து, நேத்து பதினோரு மணி வாக்குல நாங்க எல்லாரும் எங்கெங்கயோ பார்த்துட்டு இருந்தப்ப நீ அவன் உதட்டைப் பார்த்துட்டு இருந்த, அதனாலதான் ஒரு அம்மாவுக்கு நேத்து எந்த போனும் போகலன்னு எழுதி அனுப்பினேன். அவ பதில்ல ஒரே வரிதான், 'யாரும் கவனிக்கலன்னு நெனச்சேன் மேடம்'னு.

இப்போ உங்க விஷயம். கூட்டத்துக்கு முன்னாடி ஒரு நோட்டை எடுத்துட்டு ஒவ்வொரு டீமுக்கும் பொறுப்பா இருந்தவங்ககிட்ட உக்காருங்க. ஆளுக்கு ஒரு வரி, அவங்க செஞ்ச ஒரு காரியம், 40 பேருக்கும். 'நல்லா வேலை செஞ்சாங்க'ன்னு சொன்னா ஒத்துக்காதீங்க, என்ன செஞ்சாங்கன்னு கேளுங்க. ஃபார்ம் நிரப்பும்போது அந்தரங்கமான கேள்விகளை மத்தவங்க காதுல விழாம மெதுவா கேட்டவங்க இருப்பாங்க, ரத்தம் குறைவா இருக்குன்னு திருப்பி அனுப்பப்பட்டவங்ககிட்ட போய் வருத்தப்படாதீங்கன்னு பேசினவங்க இருப்பாங்க, எல்லாரும் போனப்புறம் கழிவறையைக் கழுவினவங்க இருப்பாங்க. இவங்கள்லேர்ந்து ஆரம்பிங்க, மைக் பிடிச்சவங்களை எல்லாரும் ஏற்கனவே பார்த்துட்டாங்க. ஒருத்தருக்கு பத்து செகண்டுன்னு வெச்சுக்கிட்டாகூட 40 பேருக்கு ஏழு நிமிஷம் ஆகாது, அந்த ஏழு நிமிஷத்துல யாரும் கொட்டாவி விட மாட்டாங்க, தன் பேர் எப்போ வரும்னு காத்துட்டு இருப்பாங்க. பேரை மனப்பாடமா சொல்லாதீங்க, பேப்பரைப் பார்த்தே படிங்க, ஒரே பேர்ல ரெண்டு பேர் இருந்தா இனிஷியலோட படிங்க, அன்னிக்கு வர முடியாதவங்க பேரையும் படிங்க. 'யார் பேராவது விட்டுப்போயிருந்தா மன்னிக்கவும்'ங்கற வரியை நம்பி மட்டும் லிஸ்ட் போடாதீங்க, அந்த வரியைக் கேட்டுட்டு உக்கார்ந்திருக்கற விட்டுப்போன ஆள் எப்படி இருப்பாருன்னு யோசிங்க. அப்படியும் ஒருத்தர் விட்டுப்போச்சுன்னா அன்னிக்கு ராத்திரியே போன் பண்ணிடணும், மறுநாள் வரைக்கும் தள்ளக்கூடாது.

இன்னொண்ணு, அவங்க செஞ்ச வேலை என்ன ஆச்சுன்னு சொல்லுங்க. இதைப் பல பேர் மறந்துடறாங்க, எனக்கு இதுதான் நன்றியிலயே பெரிய பங்குன்னு தோணும். ரத்த வங்கிக்கு ஒரு போன் போட்டு எத்தனை யூனிட் சேர்ந்துச்சுன்னு கேட்டு வெச்சுக்கோங்க. ஒரு யூனிட்டை சிவப்பணு, பிளாஸ்மா, பிளேட்லெட்டுன்னு பிரிச்சு ஒருத்தருக்கு மேல குடுக்க முடியும். சிவப்பணுவை 42 நாள் வரைக்கும் பத்திரப்படுத்தலாம், பிளேட்லெட் பொதுவா அஞ்சு நாள்தான் தாங்கும். அப்போ இந்த ஞாயித்துக்கிழமை நீங்க மைக் முன்னாடி நிக்கும்போது போன ஞாயிறு எடுத்த பிளேட்லெட் பெரும்பாலும் யாரோ ஒருத்தர் உடம்புல ஏறி முடிஞ்சிருக்கும், அந்த ஆளை இந்த 40 பேர்ல ஒருத்தரும் பார்க்கப் போறது இல்ல. அதை அவங்ககிட்ட சொல்லுங்க.

தன்னார்வலர் தினம்னு ஒண்ணு இருக்காமே, எப்போ? அன்னிக்கு நன்றி சொன்னா பொருத்தமா இருக்குமா?
– பள்ளி ஆசிரியை

டிசம்பர் 5. ஐ.நா. பொதுச்சபை 1985ல முடிவு பண்ணின நாள் அது. 2001ஐ தன்னார்வலர்களுக்கான சர்வதேச ஆண்டா கொண்டாடினாங்க, 2026ஐயும் அதே மாதிரி அறிவிச்சிருக்காங்க. ரத்தம் குடுக்கறவங்களுக்குன்னு தனியா ஜூன் 14 இருக்கு, ரத்த வகைகளைக் கண்டுபிடிச்ச கார்ல் லான்ட்ஸ்டெய்னர் 1868ல பொறந்த நாள். விழா வைக்க இந்த நாள்லாம் ரொம்ப நல்லா இருக்கும் டீச்சர், ஆனா ஜூலையில உங்க பிள்ளைங்களுக்காக ஒருத்தர் வந்து உழைச்சிருந்தா டிசம்பர் வரைக்கும் காத்திருக்காதீங்க, அந்த வாரமே சொல்லிடுங்க.

எங்க அமைப்போட தலைவர் நல்லவர்தான், ஆனா 'சேவை செய்ய வந்தவங்களுக்கு நன்றி எதுக்கு, அதெல்லாம் சடங்கு, அந்த நேரத்துல இன்னும் நாலு பேருக்கு உதவலாம்'னு சொல்றார். அவருக்கு என்ன பதில் சொல்றது மேடம்?
– செயற்குழு உறுப்பினர்

சடங்கா சொன்னா அது சடங்குதான், அந்த அளவுக்கு அவர் சொல்றது சரி. ஆனா அவருக்கு நான் ஒரு பழைய கதையைச் சொல்ல ஆசைப்படறேன். 1859 ஜூன் 24, இத்தாலியில சோல்ஃபெரினோன்னு ஒரு இடத்துல பெரிய போர். அதுக்குப் பக்கத்துல காஸ்டிலியோனேன்னு ஒரு ஊர், காயம்பட்ட சிப்பாய்ங்க ஆயிரக்கணக்குல அந்த ஊர் தேவாலயத்துலயும் தெருவுலயும் வந்து கிடக்கறாங்க, வைத்தியம் பார்க்கப் போதுமான ஆள் இல்ல. அந்த ஊர்ப் பெண்கள் தண்ணி எடுத்துட்டு வந்தாங்க, காயத்தைக் கழுவிக் கட்டு போட்டாங்க, நம்ம பக்கம் எதிரி பக்கம்னு பார்க்கல, கேட்டா 'எல்லாரும் சகோதரங்கதானே'ன்னாங்க. வேற ஒரு வேலையா அந்தப் பக்கம் வந்திருந்த ஹென்றி டுனான்ட்டுங்கற சுவிட்சர்லாந்து வியாபாரி அவங்களோட சேர்ந்து வேலை செஞ்சார். ஊருக்குத் திரும்பினவர் சும்மா இருக்கல, அங்க யார் எப்படி உதவி செஞ்சாங்கன்னு கண்ணால பார்த்ததை எழுதி 1862ல வெளியிட்டார், இப்படி முன்வர்றவங்களை ஏன் முன்கூட்டியே பழக்கி வெச்சுக்கக்கூடாதுன்னும் அதுலயே கேட்டார். அடுத்த வருஷமே ஜெனீவால அஞ்சு பேர் கூடி ஒரு கமிட்டி ஆரம்பிச்சாங்க, அதுதான் செஞ்சிலுவைச் சங்கம். 1901ல முதல் அமைதி நோபல் பரிசைப் பகிர்ந்துக்கிட்ட ரெண்டு பேர்ல டுனான்ட் ஒருத்தர். அந்த இயக்கத்தோட ஏழு அடிப்படைக் கொள்கைகள்ல தன்னார்வ சேவையும் ஒண்ணா இன்னிக்கும் இருக்கு.

அவர் எழுதி வைக்காம விட்டிருந்தா அந்தப் பெண்கள் செஞ்சது அந்த ஊரோட போயிருக்கும். செஞ்சதை எடுத்துச் சொன்னதாலதான் இவ்ளோ பெரிய காரியம் நடந்துச்சு. 'அந்த நேரத்துல இன்னும் நாலு பேருக்கு உதவலாம்'னு உங்க தலைவர் கணக்கு பார்க்கறார்ல, அந்தக் கணக்குல இதையும் சேர்த்துக்கச் சொல்லுங்க. அப்புறம் ஒரு வருஷத்துல எத்தனை பேர் புதுசா வந்தாங்க, அதுல எத்தனை பேர் மூணாவது மாசம் வரைக்கும் இருந்தாங்கன்னு ரெஜிஸ்டரை எடுத்து அவர் முன்னாடி வைங்க. வராம நின்னுபோனவங்கள்ல நாலு பேருக்கு போன் பண்ணி ஏன் வரலன்னு கேளுங்க, அவர் பக்கத்துல இருக்கும்போதே.

வாலன்டியர்ஸுக்கு ஆளுக்கு ஒரு தொகையை கவர்ல போட்டுக் குடுத்துடலாம்னு ஒரு யோசனை ஓடுது. சிலர் கூடாதுங்கறாங்க. நீங்க என்ன சொல்றீங்க?
– பெயர் போட வேண்டாம்

இதுல ரெண்டு விஷயம் கலந்திருக்கு, முதல்ல பிரிச்சுக்கணும். வந்துபோன செலவு, ஜெராக்ஸ் எடுத்த காசு, போன் செலவு, இதெல்லாம் அவங்க கையிலேர்ந்து போட்டது. அதைத் திருப்பிக் குடுக்கறது நன்றி இல்ல, கடன். அவங்க வாய் விட்டுக் கேக்க மாட்டாங்க, நீங்களா கேட்டு வாங்கி அன்னிக்கே குடுத்துடணும், பில்லு எங்கன்னு நிக்க வெச்சு விசாரிக்கக்கூடாது. வசதி இல்லாத வீட்டுப் பிள்ளைங்க சேவைக்கு வராம போறதுக்கு இந்தச் செலவுதான் பெரிய காரணம்னு நான் பார்த்திருக்கேன்.

செஞ்ச வேலைக்கு விலையா ஒரு தொகை குடுக்கறதுங்கறது வேற. அதை நான் வேண்டாம்னுதான் சொல்லுவேன். 1970ல ரிச்சர்ட் டிட்மஸ்னு ஒரு பிரிட்டிஷ் ஆய்வாளர் ரத்த தானத்தை வெச்சே இதைப் பத்தி விரிவா எழுதினார், ரத்தத்துக்குக் காசுன்னு ஆயிட்டா மனசா குடுக்கறவங்க ஒதுங்கிடுவாங்க, ரத்தத்தோட தரமும் கெடும்னு. அவர் வாதத்தை அப்போ பொருளாதார நிபுணர்கள் எதிர்த்தாங்க, ஆனா 1975ல உலக சுகாதார சபையே காசு வாங்காத தானத்தை வளர்க்கணும்னு உறுப்பு நாடுகளைக் கேட்டுக்கிச்சு. நீங்க குடுக்கப்போற தொகை எப்படியும் சின்னதாத்தான் இருக்கும். ஒருத்தர் தன் ஞாயித்துக்கிழமை முழுசையும் குடுத்திருப்பார், அதைக் கையில வாங்கினதும் 'என் நாளோட மதிப்பு இவ்ளோதானா'ன்னு ஒரு நிமிஷம் தோணிடும், அது தோணவே கூடாது.

அதுக்காக, தினம் வரச் சொல்லி, லீவு போட்டா கோவிச்சுக்கிட்டு, சம்பள ஆள் செய்ய வேண்டிய வேலையை மாசக்கணக்குல வாலன்டியர்னு பேர் வெச்சு வாங்கறதும் அநியாயம். அந்த இடத்துல நன்றி பத்தாது, சம்பளம் குடுக்கணும்.

கையில ஏதாவது குடுக்கணும்னு ஆசையா இருந்தா படிக்கற பிள்ளைங்களுக்கு ஒரு அனுபவக் கடிதம் குடுங்க. எத்தனை மாசம் வந்தாங்க, மொத்தம் எத்தனை மணி நேரம், என்ன பொறுப்பு, எதை நல்லா செஞ்சாங்கன்னு நாலு வரி, கையெழுத்தோட. மேல படிக்கவோ வேலைக்கோ போகும்போது கூட வரும். பேரை ஸ்பெல்லிங் தப்பில்லாம அடிங்க, பேர் தப்பா இருக்கற சர்டிபிகேட்டை குடுக்கறதுக்கு குடுக்காமலே இருக்கலாம்.

எங்ககூட பத்து வருஷமா வேலை செய்யற ஒரு அம்மா, மேடைக்குக் கூப்பிட்டா வீட்டுக்கே கிளம்பிடறாங்க. போட்டோவும் வேண்டாங்கறாங்க. எப்படித்தான் நன்றி சொல்றது?
– இளைஞர் குழு

அவங்களுக்கு எது பிடிக்காதுன்னு அவங்களே சொல்லிட்டாங்க, அதை மதிங்க, அதுவே மரியாதை. இழுத்துட்டு வந்து நிறுத்தாதீங்க, கேக்காம போட்டோ எடுத்து ஸ்டேட்டஸ்ல போடாதீங்க. குழுவுல ஆளுக்கு ஒரு வரி கையால எழுதி ஒரு கடிதமா குடுங்க, வீட்டுல போய் கதவைச் சாத்திட்டுப் படிக்கட்டும். முடிஞ்சா அவங்க வீட்டு ஆளுங்ககிட்டயும் போய்ச் சொல்லுங்க, பத்து வருஷமா அந்த அம்மாவை அனுப்பி வெச்சவங்க அவங்கதானே, அம்மா வெளியில என்ன செய்யறாங்கன்னு அவங்க பிள்ளைங்களுக்கே முழுசா தெரிஞ்சிருக்காது.

நான் ரெண்டு வருஷமா வாராவாரம் ஒரு முதியோர் இல்லத்துக்குப் போய் அங்க இருக்கறவங்களுக்குப் படிச்சுக் காட்டறேன். நிர்வாகத்துல ஒருத்தரும் இதுவரைக்கும் ஒரு வார்த்தை சொன்னது இல்ல. போன மாசம் அங்க வேற நிகழ்ச்சின்னு சொல்லவே இல்ல, போய் நின்னுட்டுத் திரும்பி வந்தேன். வீட்டுல கேட்டா பலனை எதிர்பார்க்காம செய்யறதுதான் சேவைங்கறாங்க. நான் எதிர்பார்க்கறது தப்பா அக்கா?
– வாசகி

தப்பே இல்லம்மா. முதல்ல இதை மனசுலேர்ந்து எடுத்துப் போடுங்க. பலனை எதிர்பார்க்கறது வேற, நாம அங்க வர்றோம்னு நாலு பேருக்குத் தெரியணும்னு நெனைக்கறது வேற. நீங்க காசோ பேரோ புகழோ கேக்கல, நான் வந்தா தெரியுதா, வரலைன்னா தெரியுமான்னு கேக்கறீங்க, மனுஷங்களா பொறந்த எல்லாருக்கும் அது வேணும். எதிர்பார்க்காம செய்யணுங்கறது செய்யறவங்க தனக்குத்தானே சொல்லிக்க வேண்டிய வார்த்தை. வாங்கிக்கறவங்க அதையே சாக்கா வெச்சு வாயைத் திறக்காம இருந்தா அது பெரிய தப்பு.

உங்க கடிதத்துல எனக்கு ரொம்ப வலிச்சது அந்த திரும்பி வந்த நாள்தான். நிகழ்ச்சி மாறினா ஒரு மெசேஜ் போடறதுக்கு அரை நிமிஷம் ஆகாது. இல்லம் நடத்தறவங்க, டிரஸ்ட் நடத்தறவங்க யாராவது இதைப் படிச்சிட்டு இருந்தா உங்ககிட்ட கேட்டுக்கறேன், நன்றியுரை எழுதறதெல்லாம் அப்புறம் பார்த்துக்கலாம், முதல்ல வர்றவங்களோட நேரத்தை உங்க நேரம் மாதிரி நெனைங்க. வந்தா உக்கார ஒரு நாற்காலி, யார்கிட்ட போய் நிக்கணும்னு ஒரு பேர், வாசல்ல நிக்கறவர் 'யாரும்மா நீங்க'ன்னு ரெண்டு வருஷம் கழிச்சும் கேக்காம இருக்கறது, இது எதுக்கும் செலவு கிடையாது.

நீங்க ஒண்ணு பண்ணுங்கம்மா. பொறுப்புல இருக்கறவங்ககிட்ட நேராவே போய், நான் வர்றது உங்களுக்கு உபயோகமா இருக்கா, எதை மாத்திக்கணும்னு கேளுங்க, சண்டையா இல்ல, கேள்வியா. பல இடத்துல அவங்களும் தலைக்கு மேல வேலையில முழுகிப்போயிருப்பாங்க, அப்போதான் உறைக்கும். அப்படியும் கண்டுக்கலைன்னா இடத்தை மாத்திக்கலாம், அது துரோகம் இல்ல. ஆனா போறதுக்கு முன்னாடி நீங்க படிக்கறதைக் கேக்கறவங்ககிட்ட சொல்லிட்டுப் போங்க, போன வாரம் எந்தப் பக்கத்துல நிறுத்தினீங்கன்னு அதுல ஒருத்தராவது ஞாபகம் வெச்சிருப்பாங்க.

நேர்ல பார்க்கவே முடியாத வாலன்டியர்ஸுக்கு எப்படி சார் நன்றி சொல்றது? விக்கிப்பீடியால எழுதறவங்க, இலவச சாப்ட்வேர் பண்றவங்க மாதிரி.
– கல்லூரி மாணவர்

சார் இல்ல தம்பி, அக்கா! விக்கிப்பீடியால இதுக்கு வழியே வெச்சிருக்காங்க. கணக்கு தொடங்கி உள்ள போய், ஒரு கட்டுரையோட வரலாற்றுப் பக்கத்தைத் திறந்தா யார் எந்த வரியை எப்போ எழுதினாங்க, திருத்தினாங்கன்னு வரிசையா இருக்கும், பக்கத்துலயே நன்றி சொல்ல ஒரு இணைப்பு இருக்கும். அதை அழுத்தினா அந்த குறிப்பிட்ட திருத்தத்துக்காக நீங்க நன்றி சொன்னீங்கன்னு அவங்களுக்குப் போய்ச் சேரும், 2013லேர்ந்து இது இருக்கு. மொத்தமா இல்லாம இந்த ஒரு திருத்தத்துக்குன்னு சொல்ல முடியறது எனக்கு ரொம்பப் பிடிக்கும். சாப்ட்வேர் பண்றவங்களுக்கு ஒரு மெயில் போடுங்க, உங்க சாப்ட்வேரை வெச்சு நான் இந்த வேலையை முடிச்சேன்னு. அவங்களுக்கு வர்றதுல முக்கால்வாசி அது ஓடல இது ஓடலங்கற புகார்தான்.

அக்காவுக்கு வணக்கம். எனக்குக் கண் பார்வை இல்ல, ஸ்கிரீன் ரீடர் வெச்சு நானேதான் இதை டைப் பண்றேன். பன்னெண்டு வருஷத்துக்கு முன்னாடி ஒரு பரீட்சைக்கு எனக்காக எழுத வரவேண்டியவர் கடைசி நேரத்துல வரல. அழுதுட்டு வெளிய உக்கார்ந்திருந்தேன். ஒரு அமைப்புலேர்ந்து ஒரு அக்கா ஓடி வந்து மூணு மணி நேரம் எழுதிக் குடுத்தாங்க. மூச்சு வாங்கிட்டே 'நீ நிதானமா சொல்லு, நான் வேகமா எழுதுவேன்'னு சொன்னது காதுல அப்படியே இருக்கு. பதட்டத்துல பேர்கூட கேக்கல. இப்போ ஒரு நல்ல வேலையில இருக்கேன். இவ்ளோ வருஷம் கழிச்சு அவங்களைத் தேடிப் போய் நன்றி சொன்னா வித்தியாசமா நெனைப்பாங்களா?
– வாசகர்

தம்பி, உங்க கடிதத்தை மூணு தடவை படிச்சேன். நெனைக்க மாட்டாங்க. 2018ல அமித் குமார், நிக்கோலஸ் எப்லின்னு ரெண்டு பேர் இதையே ஆராய்ச்சி பண்ணிப் பார்த்திருக்காங்க, தனக்கு உதவினவங்களுக்கு நன்றிக் கடிதம் எழுதச் சொல்லி, வாங்கினவங்க எப்படி உணர்வாங்கன்னு நெனைக்கறீங்கன்னு எழுதினவங்ககிட்டயும் கேட்டு, வாங்கினவங்ககிட்டயும் தனியா கேட்டு. எழுதினவங்க எல்லாம் அவங்களுக்கு சங்கடமா இருக்குமோன்னு ரொம்ப யோசிச்சிருக்காங்க, வாங்கினவங்களுக்கு அந்த அளவு சங்கடமே இல்ல, எழுதினவங்க நெனைச்சதைவிட அதிகமா சந்தோஷப்பட்டிருக்காங்க. உங்க தயக்கமும் அப்படித்தான்.

நானும் ஸ்கிரைபா, அதாவது மத்தவங்க சொல்லச் சொல்ல எழுதிக் குடுக்கறவளா, நிறைய பரீட்சை எழுதியிருக்கேன், அதனால அந்தப் பக்கம் எப்படி இருக்கும்னு சொல்றேன். சொல்றதை மட்டும்தான் எழுதணும், தப்புன்னு நமக்குத் தெரிஞ்சாலும் வாயைத் திறக்கக்கூடாது, கை நிக்காம ஓடிட்டே இருக்கும், கடைசி அரை மணி நேரத்துல கட்டைவிரல் மரத்துப்போயிடும், பேனாவை ரெண்டு விரலுக்கு நடுவுல மாத்திப் பிடிச்சுட்டு எழுதுவோம். மணி அடிச்சதும் பேப்பரைக் கட்டிக் குடுத்துட்டு அவங்கவங்க வழியில போயிடுவோம். அந்தப் பிள்ளை பாஸ் ஆச்சா, மேல படிச்சுதா, ஒண்ணும் தெரியாது. எனக்கு ஒரு பையன் சொன்ன ஒரு விடை, பாதியில நிறுத்தி 'அக்கா அதை அடிச்சுடுங்க, நான் முதல்லேர்ந்து சொல்றேன்'னான், அடிச்சுட்டுத் திரும்ப எழுதினோம், அது சரியா வந்துச்சான்னு இன்னிக்கு வரைக்கும் எனக்குத் தெரியாது.

அதனால கண்டிப்பா தேடுங்க. அந்த அமைப்பு எதுன்னு தெரிஞ்சா பரீட்சைத் தேதி, நடந்த இடம், பாடம் மூணையும் எழுதி அவங்களுக்கு அனுப்புங்க, யார் எந்தத் தேதிக்குப் போனாங்கன்னு பல அமைப்புகள்ல குறிச்சு வைப்பாங்க. போன் நம்பர் கேக்காதீங்க, அவங்க அனுமதி இல்லாம குடுக்கறதும் சரியில்ல, உங்க கடிதத்தை அவங்களுக்குச் சேர்த்துடுங்கன்னு மட்டும் கேளுங்க. கண்டுபிடிக்க முடியலைன்னு பதில் வந்தா, இப்போ அங்க ஸ்கிரைபா போயிட்டு இருக்கறவங்களுக்கு இந்தக் கடிதத்தைப் படிச்சுக் காட்டுங்கன்னு சொல்லுங்க, அவங்களும் யாரோட ரிசல்ட்டும் தெரியாமத்தான் எழுதிட்டு இருக்காங்க.

கடிதத்துல பெரிய வார்த்தை எதுவும் வேண்டாம். அழுதுட்டு உக்கார்ந்திருந்தது, அவங்க மூச்சு வாங்கினது, அந்த 'நிதானமா சொல்லு', எனக்கு எழுதின மாதிரியே அவங்களுக்கும் எழுதுங்க, இப்போ என்ன வேலையில இருக்கீங்கன்னும் எழுதுங்க. எனக்கு எழுதினதுல நீங்க ஒண்ணை விட்டுட்டீங்க தம்பி, அந்தப் பாடத்துல எவ்ளோ மார்க் வந்துச்சு? அதை அவங்க கடிதத்துல மறக்காம போடுங்க, எனக்கும் ஒரு வரி அனுப்புங்க.